தொடர்கதையிலிருந்து சின்னத்திரைக்கு: சுஜாதாவின் மர்மப் புதினங்கள் – ஒரு மதிப்பீடு

முன்னுரை

தமிழ்ப் புதின வரலாறுகளில் மர்மப் புதினத்திற்குக் கிடைக்கும் இடம் பெரும்பாலும் ஒரு பத்தியளவே. ஆசிரியர் பெயர்கள் சில, துப்பறிவாளர் பெயர்கள் சில, 'பொழுதுபோக்கு எழுத்து' என்னும் ஒரு தீர்ப்பு என்ற அளவில் அப்பத்தி முடிந்துவிடுகிறது. எஸ். ரங்கராஜன் என்னும் இயற்பெயர் கொண்ட சுஜாதா (1935 – 2008) இத்தீர்ப்பிலிருந்து பாதி மட்டும் தப்பியவர். சிறுகதைகளுக்காகப் போற்றப்படும் அவர், கணேஷ் – வசந்த் புதினங்களுக்காக மன்னிக்கப்படுகிறார். ஒரே எழுத்தாளரை இவ்வாறு இரண்டாக வகுப்பது முறையா என்னும் வினாவை இக்கட்டுரை எழுப்புகிறது. 'அடுத்து என்ன' என்று வாசகரை நிறுத்திவைக்கும் ஆவல்நிலை அவருடைய மர்மப் புதினங்களில் எவ்வாறு அமைகிறது, அவை திரைக்கும் தொலைக்காட்சிக்கும் சென்றபோது எதை இழந்தன, நூல்வடிவம் பெற்றபோது எதை இழந்தன என்பனவற்றை ஆராய்வது இதன் நோக்கமாகும்.

தில்லிச் சூழல்

இவ்வாய்வுக்குத் தில்லியிலிருந்து தொடங்குவது பொருத்தமுடையது. 1960களில் சுஜாதா இந்நகரில் மைய அரசின் விமானப் போக்குவரத்துத் துறையில் பணியாற்றினார். அவருடைய 'இடது ஓரத்தில்' என்னும் சிறுகதை 1962இல் குமுதத்தில் வெளிவந்தது. அவ்விதழில் ரா.கி. ரங்கராஜன் ஏற்கெனவே புகழ்பெற்றிருந்தமையால், பெயர்க்குழப்பம் நேராதிருக்கத் தம் மனைவியின் பெயரைப் புனைபெயராகக் கொண்டார். 1968இல் அதே இதழில் 'நைலான் கயிறு' தொடராக வந்தது. வழக்கறிஞர் கணேஷ் தமிழ் வாசகருக்கு அறிமுகமானது அத்தொடரில்தான்.

அதே பத்தாண்டில், 1965இல், கி. கஸ்தூரிரங்கன் தில்லியிலிருந்து கணையாழி இதழைத் தொடங்கினார். அதன் கடைசிப் பக்கத்தில் 'ஸ்ரீரங்கம் எஸ்.ஆர்.' என்னும் பெயரில் எழுதியவரும் சுஜாதாவே. பெருவழக்கான வார இதழும் சிற்றிதழ்ச் சார்புடைய திங்களிதழும் ஒரே மனிதரின் ஒரே எழுதுமேசையிலிருந்து படைப்புகளைப் பெற்றன. பிற்காலத் திறனாய்வு தூய இலக்கியம், வணிக எழுத்து என்று பிரித்துவைத்த இரண்டும் தோற்றத்தில் அண்டை வீட்டாராகவே இருந்தன என்பதற்கு இது தக்க சான்றாகும்.

இந்தியத் தொலைக்காட்சியின் பிறப்பிடமும் தில்லியே. 1959 செப்டம்பர் 15 அன்று இங்குச் சோதனை ஒளிபரப்பு தொடங்கியது. நாள்தோறும் ஒளிபரப்பு என்னும் நிலை 1965இல்தான் ஏற்பட்டது. பள்ளிக் கல்விக்கும் செய்திக்கும் முதன்மை தந்த அவ்வமைப்பில் மர்மத் தொடருக்கு இடமில்லை. சென்னைக்குத் தொலைக்காட்சி வந்தது 1975 ஆகஸ்ட் 15 அன்று. ஆகவே இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் மேலை நாடுகளில் தொலைக்காட்சிக்கென்றே மர்மக் கதை எழுதிய தலைமுறைக்கு நிகரான தலைமுறை தமிழில் தோன்றவில்லை. அப்பணியை இங்கு வார இதழ் ஏற்றுக்கொண்டது.

மேலை நாட்டு ஒப்புமை

அமெரிக்காவில் ஆல்பிரெட் ஹிட்ச்காக் பெயரில் 1955 முதல் 1965 வரை ஒளிபரப்பான தொடர்களுக்கு ஸ்டான்லி எல்லின், ரோல்ட் தால் போன்றோரின் அச்சேறிய சிறுகதைகள் அடிப்படையாயின. ராட் செர்லிங் 1959 முதல் 1964 வரை நடத்திய 'ட்வைலைட் ஜோன்' தொடரின் 156 பகுதிகளுள் 92 பகுதிகளைத் தாமே எழுதினார். இவ்வெழுத்தாளர்களின் கதை வடிவத்தை நிர்ணயித்தவற்றுள் ஒன்று விளம்பர இடைவேளை. பார்வையாளர் எழுந்துபோகாதிருக்க, இடைவேளைக்கு முன் ஒரு திருப்பம் வைக்கவேண்டியிருந்தது.

தமிழ் வார இதழின் 'தொடரும்' என்னும் சொல்லும் இதே பணியைச் செய்தது. ஆனால் ஒரு வேறுபாடு உண்டு. விளம்பர இடைவேளை சில மணித்துளிகளில் முடிவது. தொடர்கதையின் இடைவெளி ஏழு நாள். ஏழு நாளில் அதிர்ச்சி ஆறிவிடும். வாசகர் அலுவலகத்திலும் வீட்டிலும் கதையைப் பேசுவார். கொலையாளி யார் என்று தாமே ஊகிப்பார். எனவே வெறும் அதிர்ச்சி போதாது. ஏழு நாள் விவாதத்தையும் தாங்கி நிற்கும் புதிர் வேண்டும். சுஜாதாவின் மர்மப் புதினங்களில் தகவல்கள் சிக்கனமாகவும் நேர்மையாகவும் வைக்கப்பட்டிருப்பதற்கு இக்கட்டாயம் ஒரு காரணம் எனலாம். அவருடைய பொறியியல் பயிற்சியும் இதற்குத் துணைநின்றிருக்கக்கூடும்.

துப்பறிவாளர் மரபில் கணேஷ்

தமிழில் துப்பறிவாளர் மரபு நெடியது. ஜே.ஆர். ரங்கராஜுவின் 'இராஜாம்பாள்' (1908) புதினத்திலேயே துப்பறியும் கோவிந்தன் தோன்றிவிட்டார். ஆரணி குப்புசாமி முதலியாரும் வடுவூர் துரைசாமி ஐயங்காரும் மேலைக் கதைகளைத் தழுவி இம்மரபை வளர்த்தனர். தேவன் ஆனந்த விகடனில் படைத்த சாம்பு, இம்மரபையே நகைப்புக்கு உள்ளாக்கினார். அறிவால் அன்றித் தற்செயலால் வெல்லும் வங்கி எழுத்தர் அவர். தமிழ்வாணனின் சங்கர்லால் இதற்கு நேர்மாறாகத் தோல்வியறியா வீரராக அமைந்தார்.

கணேஷ் இவர்களுள் எவரையும் போன்றவர் அல்லர். அவர் துப்பறிவாளரே அல்லர், வழக்கறிஞர். இத்தொழில் மாற்றம் புதினத்தின் அமைப்பையே மாற்றிவிடுகிறது. துப்பறிவாளருக்குக் குற்றவாளியைக் கண்டுபிடித்தால் போதும். வழக்கறிஞரோ கண்டதை மெய்ப்பிக்கவேண்டும்; சில வேளைகளில் தம் கட்சிக்காரரையே ஐயுறவேண்டும். குற்றவாளியைக் கண்டறிதலுக்கும் நீதி கிடைத்தலுக்கும் இடையிலுள்ள தொலைவு இதனால் கதைப்பொருளாகிறது. தில்லியைக் களமாகக் கொண்ட 'அனிதா இளம் மனைவி' புதினத்தில், செல்வந்தர் ஒருவரின் கொலையை ஆராயும் கணேஷ், அக்குடும்பத்தின் பணத்தையும் உறவுகளையும் அந்நியரின் கண்கொண்டு காண்கிறார். தலைநகரின் செல்வக் குடும்பங்களுக்கு வெளியே நின்ற தமிழ் ஊழியரின் பார்வை அதில் படிந்துள்ளது. வேலைக்காக இந்நகருக்கு வந்து, பின்னாளில் ஜனக்புரி போன்ற குடியிருப்புகளில் நிலைகொண்ட தமிழர்களுக்கு அப்பார்வை அறிமுகமான ஒன்றே.

பின்னர் வந்து சேர்ந்த இளைய வழக்கறிஞர் வசந்த் கதைசொல்லும் முறையை மேலும் எளிதாக்கினார். கணேஷின் சிந்தனை வசந்த்துடனான உரையாடலாக மாறியது. ஆசிரியர் விளக்கவேண்டியவை பாத்திரங்களின் விவாதமாயின. 'நிர்வாண நகரம்' புதினத்தில் சென்னை மாநகரின் மீது தனிமனிதன் ஒருவன் கொள்ளும் பகையே மையம். அங்குக் குற்றம் என்பது பெருநகரில் முகமற்றுப்போன ஒருவன் தன்னைப் பொருட்படுத்தச் செய்யும் வழியாகிறது. இதனை வெறும் பொழுதுபோக்கு என்று ஒதுக்க இயலாது.

அச்சில் உள்ளதும் திரையில் இல்லாததும்

சுஜாதாவின் நடை 'திரைப்படம் போன்றது' என்று கூறப்படுவதுண்டு. குறுந்தொடர்கள், விரைந்த காட்சி மாற்றம், மிகுதியான உரையாடல் ஆகியவற்றை நோக்க அக்கூற்று சரியெனவே தோன்றும். அவ்வாறாயின் அப்புதினங்கள் திரையில் இயல்பாக அமைந்திருக்கவேண்டும். 'காயத்ரி' 1977இலும், 'ப்ரியா' 1978இலும், 'அனிதா இளம் மனைவி' அதே ஆண்டில் 'இது எப்படி இருக்கு' என்னும் பெயரிலும், 'கரையெல்லாம் செண்பகப்பூ' 1981இலும் திரைப்படங்களாயின. 'ப்ரியா'வில் ரஜினிகாந்த் கணேஷாக நடித்தார். புதினத்தின் இலண்டன் களம் படத்தில் சிங்கப்பூர் ஆயிற்று. களம் மாறியது சிறிய செய்தி. வழக்கறிஞர் திரை நாயகர் ஆனதே பெரிய மாற்றம். ஐயமே இயல்பாகக் கொண்ட ஒருவர், ஐயத்திற்கு இடமற்ற வீரராக ஆக்கப்பட்டார்.

இம்மாற்றத்திற்குத் திரையுலகை மட்டும் குறைகூறுதல் போதாது. சுஜாதாவின் ஆவல்நிலை நிகழ்ச்சியில் இருப்பதைவிட மிகுதியாக மொழியில் இருக்கிறது என்பதே அடிப்படைக் காரணம். மூன்று எடுத்துக்காட்டுகளைக் காணலாம்.

முதலாவது, அச்சமைப்பு. ஒருவன் படிகளில் இறங்குவதைக் கூறும்போது 'இறங்கினான்' என்னும் சொல்லின் எழுத்துகளையே படிப்படியாகக் கீழிறக்கி அச்சிடச் செய்தார் சுஜாதா. இது பெரிதும் பேசப்பட்ட உத்தி. திரையில் ஒரு நடிகர் படியிறங்குவார், அவ்வளவே. காட்சி கிடைக்கும், உத்தி கிடைக்காது. கண்ணால் காணும் இன்பம் இங்குத் தாளுக்கே உரியது.

இரண்டாவது, 'ஆ..!' என்னும் புதினம். தலைக்குள் குரல் கேட்கும் ஒருவனின் கதை இது. ஒவ்வோர் அத்தியாயமும் 'ஆ' என்னும் ஒலியில் முடிகிறது. அச்சில் அக்குரல் நோயா, நினைவா, வேறு பிறவியின் எச்சமா என்று வாசகர் தீர்மானிக்க இயலாது. ஏனெனில் அச்சில் எல்லாக் குரலும் ஓசையற்றவையே. திரையிலோ அக்குரலைப் பார்வையாளரும் செவியால் கேட்கவேண்டும். கேட்டவுடன் அது பாதி மெய்யாகிவிடுகிறது.

மூன்றாவது, 'கொலையுதிர் காலம்'. ஆவியா, ஒளியால் உருவாக்கிய முப்பரிமாணப் பிம்பமா என்னும் ஐயம் இப்புதினத்தின் உயிர். கணேஷ் அறிவியலின் பக்கமும் வசந்த் மற்றதன் பக்கமும் சாய்கின்றனர். ஆசிரியர் முழுத் தீர்ப்பு வழங்குவதில்லை. இவ்வையத்தைக் காட்சியாக்க முற்படுபவர் ஏதோ ஓர் உருவத்தைக் காட்டியே ஆகவேண்டும். எவ்வளவு மங்கலாகக் காட்டினும் அது ஒரு விடையாகிவிடும்.

தேவனின் சாம்புவை இதனோடு ஒப்பிடலாம். மேடையிலும், பின்னர் தூர்தர்ஷனில் காத்தாடி ராமமூர்த்தியின் நடிப்பிலும் சாம்பு உலாவந்தார். சாம்புவின் விழிப்பும் திகைப்பும் உடலில் தெரிபவை. நடிகர் அவற்றைத் தம் முகத்தில் கொண்டுவர இயலும். 1990களில் தனியார் தொலைக்காட்சியில் நாகா இயக்கிய 'மர்ம தேசம்' தொடருக்கு எழுதிய இந்திரா சௌந்தர்ராஜனின் (மறைவு 2024) ஆவல்நிலையும் இத்தகையதே. 'விடாது கருப்பு' பகுதியில் ஊரும் கோயிலும் காவல் தெய்வத்தின் குதிரையும் கண்ணுக்குத் தெரியும் பொருள்கள். மர்மம் இடத்திலேயே குடியிருக்கிறது. சுஜாதாவின் மர்மம் வாக்கியத்தில் குடியிருப்பது.

சுஜாதா இதனை அறியாதவர் அல்லர். பூர்ணம் விஸ்வநாதன் குழுவினருக்காக 'டாக்டர் நரேந்திரனின் வினோத வழக்கு', 'கடவுள் வந்திருந்தார்' முதலிய நாடகங்களை எழுதியபோது அவர் மேடைக்குரிய மொழியை வேறாகவே அமைத்தார். 'திரைக்கதை எழுதுவது எப்படி?' என்னும் நூலையும் எழுதினார். 'ரோஜா' (1992), 'இந்தியன்' (1996) முதலிய படங்களின் உரையாடல்களில் புதின ஆசிரியர் சுஜாதா தம்மைப் பெரிதும் மறைத்துக்கொள்கிறார். அவருடைய அறிவியல் புதினமாகிய 'என் இனிய இயந்திரா' தூர்தர்ஷனில் தொடராக ஒளிபரப்பாயிற்று. அக்கதையின் இயந்திர நாய் ஜீனோவின் அழகு அதன் பேச்சில் உள்ளது. அதற்கு நாய் உருவம் தந்தவுடன் பார்வையாளரின் கவனம் உருவத்திற்குச் சென்றுவிடுகிறது.

விளம்பரதாரரும் வாசகரும்

வெகுமக்கள் ஊடகத்தில் எழுதுவோர் எதிர்கொள்ளும் கட்டுப்பாடு ஒன்றையும் கருதவேண்டும். 1955இல் எம்மெட் டில் என்னும் கறுப்பினச் சிறுவன் கொல்லப்பட்ட நிகழ்ச்சியின் தாக்கத்தில் செர்லிங் எழுதிய தொலைக்காட்சி நாடகம், விளம்பரதாரரின் அழுத்தத்தால் அடையாளம் தெரியாதவாறு மாற்றப்பட்டு 1956இல் ஒளிபரப்பாயிற்று. பின்னர் அவர் நேரடியாகக் கூற இயலாதவற்றை வேற்றுலகக் கதைகளாகக் கூறலானார்.

சுஜாதாவுக்கு நேர்ந்ததும் ஒப்பிடத்தக்கது. 1857 எழுச்சியைப் பின்னணியாகக் கொண்டு குமுதத்தில் அவர் தொடங்கிய 'கறுப்பு சிவப்பு வெளுப்பு' என்னும் தொடர், ஒரு சமூகத்தாரின் எதிர்ப்பால் நிறுத்தப்பட்டது. பின்னர் மாற்றங்களுடன் 'ரத்தம் ஒரே நிறம்' என்னும் பெயரில் அது மீண்டும் வெளிவந்தது. அங்கு விளம்பரதாரர் செய்ததை இங்கு வாசகர் திரள் செய்தது. வார இதழ் எழுத்தாளர் முழு உரிமையுடன் எழுதினார் என்றும், வாசகரின் விருப்பத்திற்கு முழுவதும் அடிபணிந்தார் என்றும் கூறுவன இரண்டுமே மெய்ம்மைக்குப் புறம்பானவை. ஒவ்வொரு வாரமும் அவர் அந்த எல்லையைத் தொட்டுப் பார்த்தவாறே எழுதினார் என்பதே பொருந்தும்.

குறைகள்

இவ்வாறு கூறுவதனால் சுஜாதாவின் மர்மப் புதினங்கள் யாவும் நிறைவானவை என்பது கருத்தன்று. பல புதினங்களில் முடிவு அவசரமானது. பல வாரங்கள் பேணிய புதிர் இறுதி அத்தியாயத்தில் சில பத்திகளில் அவிழ்க்கப்படுகிறது. ஒரே காலத்தில் பல இதழ்களுக்கு எழுதியதன் விளைவு இது. பெண்களின் தோற்றத்தை வருணிக்கும் பகுதிகளும் வசந்த்தின் கேலிகளும் இன்று வாசிக்கையில் சலிப்பூட்டுகின்றன. குற்றத்திற்கு இலக்காகும் பெண்ணைக் கதை நோக்கும் பார்வைக்கும் குற்றவாளி நோக்கும் பார்வைக்கும் சில இடங்களில் வேறுபாடு தெரிவதில்லை. இக்குறையைப் பெண்ணிய நோக்கில் ஆராய இடமுண்டு. ஆயின் இக்குறைகள் மர்மப் புதினம் என்னும் வகையின் குறைகள் அல்ல, இவ்வாசிரியரின் குறைகள். வகையை இகழ்ந்துவிட்டு ஆசிரியரை மன்னிப்பதைவிட, வகையை ஏற்றுக்கொண்டு ஆசிரியரை அளப்பதே திறனாய்வுக்கு உரிய நெறியாகும்.

முடிவுரை

சுஜாதாவின் மர்மப் புதினத்தில் ஆவல்நிலையைத் தாங்கியவை இரண்டு: ஒன்று, அத்தியாயங்களுக்கு இடையிலான ஏழு நாள், மற்றொன்று, கூறுவதையும் மறைப்பதையும் தன்னகத்தே கொண்ட வாக்கியம். வாரத் தொடராக வரும் தொலைக்காட்சிக் கதை முதலாவதைப் பேணக்கூடும், இரண்டாவதை இழந்துவிடும். நூல்வடிவம் இரண்டாவதைப் பேணி முதலாவதை இழக்கிறது. இரண்டும் ஒருங்கே இருந்த இடம் வார இதழ் மட்டுமே. ஆகவே நூல்வடிவத்தை மட்டும் படித்து 'ஒரே மூச்சில் படித்து முடிக்கலாம். வேறொன்றுமில்லை' என்று கூறுவது, ஒரே மூச்சில் படிக்கப்படுவதற்காக எழுதப்படாத ஒன்றைப் பற்றிய தீர்ப்பாகும்.

இதிலிருந்து ஆய்வுமுறை குறித்த ஒரு தேவை எழுகிறது. மர்மப் புதினத்தை ஆராய்வோர் அதன் மூலத் தொடர் வடிவத்தை அடிப்படை மூலமாகக் கொள்ளுதல் வேண்டும். அத்தியாயம் எந்தச் சொல்லில் நின்றது, ஓவியர் ஜெயராஜின் கணேஷும் வசந்த்தும் எந்தக் காட்சியில் வரையப்பட்டனர், அதே பக்கத்தில் வேறு என்ன இருந்தது, நூலாகும்போது எவை நீக்கப்பட்டன என்பவை அனைத்தும் பாடத்தின் பகுதிகளே. சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் போன்றவை பழைய இதழ்களைப் பேணிவருகின்றன. எனினும் இப்பணி நூலகங்களால் மட்டும் நிறைவுறாது.

தொடர்கதைப் பக்கங்களை வாரந்தோறும் பிரித்தெடுத்துத் தைத்து வைக்கும் வழக்கம் தமிழ்க் குடும்பங்களில் இருந்தது. ஊரைவிட்டு நெடுந்தொலைவு வந்த தில்லித் தமிழருக்கு அவ்விதழ்கள் தாய்மொழியுடன் இருந்த வாராந்தரத் தொடர்பு. ஜனக்புரியிலும் ராமகிருஷ்ணாபுரத்திலும் கரோல்பாக்கிலும் மூத்தோர் வீடுகளின் பரண்களில் அத்தகைய கட்டுகள் எஞ்சியிருக்குமாயின், அவை பழைய தாள் விலைக்குச் செல்வதற்கு முன் திரட்டப்படவேண்டும். 1946இல் தோன்றிய தில்லித் தமிழ்ச் சங்கமும், ஜனக்புரி உள்ளிட்ட ஏழு இடங்களில் பள்ளி நடத்தும் தில்லித் தமிழ்க் கல்விக் கழகமும் இப்பணியை மாணவர் துணையுடன் மேற்கொள்ள இயலும். ஒரு கட்டில் ஓர் அத்தியாயம் குறைந்திருப்பினும், ஓரத்தில் யாரோ 'கொலையாளி இவன்தான்' என்று பென்சிலால் எழுதிவைத்திருப்பினும், அவையும் ஆய்வாளருக்குச் சான்றுகளே. அந்த ஏழு நாளில் வாசகர் மனத்தில் நிகழ்ந்தவற்றை அறிய அவற்றைவிட நேரான ஆவணம் வேறு கிடைத்தல் அரிது.